அத்திரம்பாக்கத்துக் களியும் இரண்டு கணக்குகளும்

போன கோடையில் உத்திரமேரூர்ப் பக்கத்து ஏரி ஒன்றில் சவுடு எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஜேசிபி வெட்டிய சுவர் பத்தடிக்கு நின்றது. மேலே பாளம் பாளமாக வெடித்த வண்டல். அதன் கீழ் கூழாங்கல் கலந்த செஞ்சவுடு. அதற்கும் கீழே ஈரம் மினுங்கும் சாம்பல் நிறக் களி, ஊடே வெள்ளை வெள்ளையாகச் சுக்கான் உருண்டைகள். களி தலைகாட்டியதும் வண்டி ஓட்டியவர் பக்கெட்டைத் தூக்கிவிட்டார். “இதுக்குக் கீழ வெறுங்களிதான் சார், ஒண்ணும் தேறாது” என்றார்.

அத்திரம்பாக்கத்திலும் நெடுங்காலம் இதே தீர்ப்புதான் இருந்தது. கொசஸ்தலையாற்றங்கரை ஊர் அது. இன்று திருவள்ளூர் மாவட்டம். பழைய செங்கல்பட்டு ஜில்லாவில் உத்திரமேரூரும் அதுவும் ஒரே வரைபடத்தில் இருந்தன. 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் சரளைக் குழி ஒன்றில் ராபர்ட் புரூஸ் ஃபூட் ஒரு கற்கருவியைப் பொறுக்கினார். அதே செப்டம்பரில் வில்லியம் கிங்கோடு அத்திரம்பாக்கம் போனார். இருவரும் இந்தியப் புவியியல் ஆய்வுத்துறை ஊழியர்கள். இந்தியாவின் பழைய கற்காலத்தைக் கண்டுபிடித்தது வரலாற்றாசிரியன் இல்லை, பாறை பார்க்கப் போன நிலவியலாளன் என்பதை மறக்கக் கூடாது. பிறகு வந்தவர்கள் தோண்டினார்கள். களியைக் கண்டதும் நிறுத்தினார்கள். அந்தக் களி ஆவடிப் படிவத்தைச் சேர்ந்தது, டைனோசர் காலத்துக் கடைசி யுகமான கிரெட்டேசியஸில் படிந்தது, மனிதன் கைபட்ட கல் அதற்குள் இருக்க வழியே இல்லை என்பது நம்பிக்கை. 1999 முதல் அங்கே அகழ்ந்த தொல்லியலாளர் சாந்தி பப்புவின் குழு அந்தக் களிக்குள்ளும் இறங்கியது. உள்ளே கைக்கோடாரிகள் கிடந்தன. களி, ஆற்று வெள்ளம் கொண்டுவந்து படியவைத்தது. கிரெட்டேசியஸுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. ஒரு மண்ணடுக்குக்குப் போட்ட தப்பான பெயர், பத்து லட்சம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட மனித வரலாற்றை மூடி வைத்திருந்தது.

இந்தக் கட்டுரையின் கேள்வி இதிலிருந்துதான் கிளம்புகிறது. மனிதன் எப்போது, எந்த மனிதன், என்று கேட்டால் இன்று இரண்டு சாட்சிகள் முன்வருகிறார்கள். ஒருவர் மண், இன்னொருவர் நம் உயிரணுவில் இருக்கும் ஜீனோம். அத்திரம்பாக்கத்தில் இருவரும் சொல்வது ஒத்துப்போகவில்லை போலத் தெரிகிறது. 2011-ல் பப்பு குழு ‘சயின்ஸ்’ இதழில் வெளியிட்ட முடிவின்படி அடிக்களியில் கிடந்த அச்சூலியன் (கைக்கோடாரி மரபு) கருவிகளின் சராசரி வயது சுமார் 15 லட்சம் ஆண்டு. 2018 ஜனவரி கடைசியில் குமார் அகிலேஷ், பப்பு, அகமதாபாத் இயற்பியல் ஆராய்ச்சிக் கூடத்தின் அசோக் சிங்வி முதலானோர் ‘நேச்சர்’ இதழில் எழுதினார்கள்: பெரிய கைக்கோடாரியை விட்டுவிட்டு, கல்லை முன்கூட்டியே வடிவமைத்துச் சில்லு பெயர்க்கும் இடைப் பழங்கற்கால நுட்பம் அங்கே சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட்டது, 1,72,000 வரை நீடித்தது. ஜீனோமோ வேறு எண் சொல்கிறது. பிரியா மூர்ஜானி குழு 2,762 இந்தியர்களின் முழு ஜீனோமை வாசித்து 2025-ல் ‘செல்’ இதழில் வெளியிட்ட ஆய்வில், இந்தியரின் மரபணு வேறுபாட்டில் பெரும்பகுதி சுமார் 50,000 ஆண்டுகளுக்கு முன் ஆப்பிரிக்காவிலிருந்து வந்த ஒரே இடப்பெயர்ச்சியிலிருந்து கிளைத்தது என்றது.

மூன்றே முக்கால் லட்சமா, ஐம்பதாயிரமா? வாட்ஸ்அப்பில் இதற்கு இரண்டு விடைகள் சுற்றுகின்றன. ஒன்று, “ஆதித் தமிழனுக்கு வயது 3.85 லட்சம்.” மற்றொன்று, “டி.என்.ஏ. வந்தாச்சு, தொல்லியல்காரன் தேதியெல்லாம் கட்டுக்கதை.” இரண்டையும் கேட்டு அலுத்துத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

அளவுகோலுக்கு நான் வெகுதூரம் போகவில்லை. எங்கள் ஊர் உத்திரமேரூரின் வைகுண்டப் பெருமாள் கோயில் மண்டபச் சுவரில் பராந்தக சோழனின் 12-ஆம், 14-ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டுகள் இரண்டு இருக்கின்றன, கி.பி. 919, 921. குடத்தில் பெயர் ஓலை இட்டுச் சபை வாரியங்களுக்கு ஆள் எடுத்த குடவோலை முறைக்காகப் படம்பிடிக்க வருகிறவர்கள் பெரும்பாலும் கவனிக்காத ஒரு விதி அதில் உண்டு: வாரியத்தில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாதவன் பெயரைக் குடத்தில் இடக் கூடாது, அவன் உறவினர் பெயரையும் கூடாது. ஆள் எப்படிப்பட்டவன் என்பதற்கு அப்புறம் வருவோம், முதலில் கணக்கு. இரு சாட்சிகளையும் இதே கேள்வியோடு நிறுத்திப் பார்க்கலாம்.

மண்ணின் கணக்கு இப்படி. வெட்டவெளியில் கிடக்கும் குவார்ட்சைட் கல்லின் மேல் காஸ்மிக் கதிர் விழுந்துகொண்டே இருக்கிறது. அதனால் கல்லுக்குள் அலுமினியம்-26, பெரிலியம்-10 என்று இரண்டு கதிரியக்க அணுக்கள் உண்டாகின்றன. ஏறக்குறைய ஏழுக்கு ஒன்று என்ற விகிதத்தில். கல் ஆழப் புதைந்துவிட்டால் புதிய உற்பத்தி நிற்கும், இருப்பு மட்டும் கரையும். அலுமினியம் 7 லட்சம் ஆண்டில் பாதியாகும். பெரிலியத்துக்கு அதே வேலைக்கு 13.9 லட்சம் ஆண்டு வேண்டும். வேகமாகக் கரைவதும் மெதுவாகக் கரைவதும் சேர்ந்திருப்பதால், மிச்சமிருக்கும் விகிதமே புதைந்த காலத்தைச் சொல்லிவிடும். அத்திரம்பாக்கத்து அடிக்களிக்கு இதோடு காந்தத் திசையையும் பார்த்தார்கள். களி படிந்தபோது பூமியின் காந்தம் தலைகீழாக இருந்திருக்கிறது. ஒன்றையொன்று சாராத இரண்டு கணக்குகள் ஒரே பக்கம் சாய்கின்றன. இது பலமான சாட்சியம்.

மேலடுக்குகளுக்கு வேறு முறை: ஒளிர்வுக் காலக்கணிப்பு. ஃபெல்ஸ்பார் போன்ற கனிமத் துகள் வெயில் பட்டால் தன்னுள் சேர்ந்த ஆற்றலையெல்லாம் உதறிவிடும். புதைந்ததும் சுற்றியுள்ள மண்ணின் யுரேனியம், தோரியம், பொட்டாசியக் கதிர்வீச்சு மறுபடி அதில் சேரும். ஆய்வுக்கூடத்தில் அதைத் தூண்டி, வரும் ஒளியை அளந்தால் கடைசியாக வெயில் கண்டது எப்போது என்று தெரியும். இந்த முறையின் ஓட்டைகளையும் சொல்லியாக வேண்டும். வெள்ளம் கலங்கலாக வந்திருந்தால் துகள் முழுவதுமாக வெயில் காணாமலே புதைந்திருக்கும், வயது கூடும். ஃபெல்ஸ்பாரில் சேமித்தது தானாகக் கசியும்; வயது குறையும். மண்ணில் ஈரம் எவ்வளவு என்பது அனுமானம். மூன்று லட்சம் ஆண்டு ஈரத்தை அளந்து வைத்தவர் யாரும் இல்லை, எங்கள் ஏரியில் போன வருட நீர்மட்டத்துக்கே ஆளுக்கொரு கணக்கு. அதனால்தான் 3,85,000 என்பது தனியாக வருவதில்லை, 64,000 கூட்டியோ குறைத்தோ என்ற வாலோடு வருகிறது. தலைப்புச் செய்தி அந்த வாலை வெட்டிவிடும். நான் அதை இரட்டிப்பாக்கிப் பார்த்தேன்: 1,28,000-ஐக் கழித்தாலும் 2,57,000 மிச்சம். ஐம்பதாயிரத்துக்குப் பக்கத்தில் கொண்டுவர எந்த நியாயமான பிழையும் போதாது. மண் கணக்குக் காட்டிவிட்டது.

இனி ஜீனோம். நம் ஒவ்வொருவரிடமும் தாய் தந்தையிடம் இல்லாத புதிய எழுத்துப்பிழைகள் 60, 70 இருக்கின்றன, பிறழ்வு என்கிறோம். இரண்டு பேரின் ஜீனோமை அடுக்கி வைத்து வேறுபாடுகளை எண்ணி, பிழை விழும் வேகத்தால் வகுத்தால், அவர்களின் பொது மூதாதை எவ்வளவு தொலைவில் என்று வரும். எண்ணிக்கையில் தகராறு இல்லை, இயந்திரம் எண்ணுகிறது. தகராறு வேகத்தில்தான்.

முதலில் அந்த வேகத்தை எங்கிருந்து எடுத்தார்கள்? மண்ணிடமிருந்துதான். குரங்கு, மனிதக்குரங்கு, மனிதன் கிளைகள் பிரிந்த காலத்தைப் புதைபடிவம் சொல்ல, அதை வைத்து வேகத்தைக் கட்டினார்கள். ஜீனோமின் ஓரிடத்தில் ஏறக்குறைய 100 கோடி ஆண்டுக்கு ஒரு பிழை என்று வந்தது. 2012-ல் ஐஸ்லாந்தில் 78 தாய்–தந்தை–பிள்ளைத் தொகுப்புகளின் ஜீனோமை நேராக வாசித்துப் புதிய பிழைகளை எண்ணினார்கள். வேகம் ஏறக்குறைய பாதிதான்: 200 கோடி ஆண்டுக்கு ஒன்று. கூடவே, தந்தையின் வயது ஓராண்டு கூடினால் பிள்ளைக்கு இரண்டு பிழை அதிகம் என்றும் தெரிந்தது. வேகம் பாதியானால் வயதெல்லாம் இரட்டிப்பாகும். அதுவரை புத்தகங்களில் ஏறியிருந்த பல தேதிகள் ஆடிப்போயின.

இதற்காக ஜீனோமைக் குறைசொல்ல மாட்டேன். எங்கள் சபையார் 919-ல் வாரிய உறுப்பினருக்கு வயது 30 முதல் 60 என்று வெட்டிவைத்து, இரண்டே ஆண்டில் 35 முதல் 70 என்று திருத்தியவர்கள்தான். திருத்திய கணக்கு யோக்கியமான கணக்கு. ஆனால் திருத்திய வேகத்தோடு ஒரு புதிய கேள்வி வருகிறது: இன்றைய ஐஸ்லாந்துக் குடும்பத்தில் அளந்த வேகம் ஐம்பதாயிரம் ஆண்டாக மாறாமல் இருந்தது என்று எப்படித் தெரியும்? இதற்கு விடை தந்தது சைபீரியாவில் இர்திஷ் ஆற்றங்கரையில் கிடைத்த ஒரு தொடை எலும்பு. உஸ்த்-இஷிம் மனிதன் என்கிறார்கள். ரேடியோகார்பன் அதன் வயதைச் சுமார் 45,000 என்றது. 2014-ல் ஜீனோமை வாசித்தபோது, நம்மோடு ஒப்பிட அவனுக்கு 45,000 ஆண்டுப் பிழைகள் குறைவாக இருந்தன. அந்தக் குறைவிலிருந்து வேகம் வந்தது, ஐஸ்லாந்துக் கணக்கோடு ஒத்தும் போனது. மேலும் அவன் ஜீனோமில், அழிந்துபோன உறவுக் கிளையான நியாண்டர்தாலின் துண்டுகள் நம்மிடம் இருப்பதைவிட நீளமாக இருந்தன. கலப்பு நடந்து அதிக தலைமுறை ஆகவில்லை என்று பொருள். ஆப்பிரிக்காவுக்கு வெளியே உள்ள எல்லோருக்கும் பொதுவான அந்தக் கலப்பை 50,000–60,000 ஆண்டுக்கு முன் என்று கணித்தார்கள். பிந்திய ஆய்வுகள் 50,000-ஐ ஒட்டியே நிறுத்துகின்றன. காமராசர் பல்கலைக்கழகத்தின் ரா. பிச்சப்பன் மதுரைப் பகுதியில் கண்ட எம்130 குறியீட்டைப் பத்திரிகைகள் ‘முதல் இந்தியன்’ ஆக்கின. அது தந்தைவழி ஒற்றை இழை மட்டுமே. 2,762 முழு ஜீனோமின் சாட்சியம் அதைவிடப் பல மடங்கு கனமானது. ஆகவே ஜீனோமும் கணக்குக் காட்டிவிட்டது, ஆனால் நடுவில் ஓரிடத்தில் ரேடியோகார்பன் கையெழுத்துப் போட்டிருக்கிறது.

இரண்டு கணக்கும் சரி என்றால் தகராறு எங்கே? சாட்சிகளிடம் கேட்ட கேள்வியில். மண், இங்கே யாரோ இருந்தார்கள் என்று சொல்கிறது. ஜீனோம், இன்று இருப்பவர்களின் பாட்டன் பாட்டிகள் எப்போது வந்தார்கள் என்று சொல்கிறது. சந்ததி இல்லாமல் போனவன் ஜீனோமின் குடத்தில் ஓலையாக விழவே மாட்டான். அவன் மூன்று லட்சம் ஆண்டு இங்கே வாழ்ந்திருந்தாலும் சரி, இன்றைய 2,762 பேர் இல்லை, 140 கோடிப் பேரையும் வாசித்தாலும் அவன் தெரியப்போவதில்லை. எனவே “ஜீனோம் காட்டவில்லை, ஆகவே இல்லை” என்ற வாதம் தொடக்கத்திலேயே தள்ளுபடி.

இதைக் கறாராகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஆந்திராவின் ஜ்வாலாபுரத்தில் 74,000 ஆண்டுக்கு முந்தைய டோபா எரிமலைச் சாம்பலுக்குக் கீழும் மேலும் ஒரே மாதிரிக் கருவிகள் கிடைத்தன. அவற்றைச் செய்தவன் நம் இனத்தவனாக இருக்கலாம் என்று 2007-ல் பெட்ராக்லியா குழு எழுதியது. 2013-ல் பால் மெல்லர்ஸ் முதலானோர் மரபணுத் தேதியையும் கற்கருவி ஒப்பீட்டையும் வைத்து அதை மறுத்தார்கள். 2020-ல் மத்தியப் பிரதேசச் சோன் பள்ளத்தாக்கில் தாபா என்ற இடம் அதே போன்ற தொடர்ச்சியைக் காட்டியது, 80,000 ஆண்டிலிருந்து. மெல்லர்ஸ் பக்கத்தின் கல் வாதத்தை நான் மதிக்கிறேன். கல்லை வைத்து இனம் சொல்ல முடியாது என்பதில் அவர்களுக்கு நியாயம் உண்டு. ஆனால் மரபணுத் தேதியை மண் தேதிக்கு எதிரான ஆயுதமாக எடுத்தது செல்லாது.

உயிரை வைத்து நிலத்துக்கு ஆணையிட்ட பழைய கதை நமக்குத் தெரிந்ததுதான். ஃபூட் பல்லாவரத்தில் கல் பொறுக்கிய மறு ஆண்டு, 1864-ல், ஃபிலிப் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலாளர் மடகாஸ்கரின் லெமூர்களைப் பற்றி யோசித்து, கடலில் மூழ்கிய லெமூரியா என்றொரு கண்டத்தையே கற்பித்தார். நாம் அதில் குடியேறி இன்னும் இறங்கவில்லை.

எதிர்ப்பக்கமும் அடி வாங்கியிருக்கிறது. சிவாலிக் மலைப் படிவங்களில் கிடைத்த தாடைத் துண்டுக்கு 1930-களில் ராமாபிதெகஸ் என்று பெயரிட்டார்கள். பின்னால் அதை 1.4 கோடி ஆண்டுக்கு முந்தைய மனித மூதாதை ஆக்கினார்கள். 1967-ல் சாரிச், வில்சன் இருவரும் ரத்தப் புரதத்தை ஒப்பிட்டு, மனிதனும் சிம்பன்சியும் பிரிந்தே 50 லட்சம் ஆண்டுதான் ஆகிறது என்றார்கள். புதைபடிவக்காரர்கள் சிரித்தார்கள். 1982-ல் டேவிட் பில்பீம் பாகிஸ்தானின் பொட்வார் பீடபூமியில் கிடைத்த, ராமாபிதெகஸின் நெருங்கிய உறவின் முக எலும்பை வெளியிட்டபோது அது ஒராங்குட்டான் சாயலில் இருந்தது. சிரித்தவர்கள் தோற்றார்கள். ஆனால் கூர்ந்து பார்த்தால் அங்கே தோற்றது மண்ணின் கடிகாரம் இல்லை.  தோற்றது அந்த எலும்பு யாருடையது என்ற ஊகம். சாரிச்சும் வில்சனும் தம் கடிகாரத்துக்குச் சாவி கொடுத்ததோ புதைபடிவம் தந்த 3 கோடி ஆண்டு என்ற ஒரு தேதியில்தான்.

‘எப்போது’ என்பதில் மண் தவறியது குறைவு. ‘யார்’ என்று சொல்லப் போனபோதெல்லாம் வழுக்கியது. அத்திரம்பாக்கத்தில் 2018 கட்டுரையாளர்கள் அந்த வழுக்கலுக்குப் போகவில்லை. மனித எலும்பு ஒன்றும் கிடைக்காத நிலையில் கருவி செய்தவர் எந்த இனம் என்று அவர்கள் தீர்த்துச் சொல்லவில்லை. ஆப்பிரிக்காவிலிருந்து ஒரே அலையாக 1,25,000 ஆண்டுக்குப் பின் இந்த நுட்பம் வந்தது என்ற மாதிரியை மட்டும் அசைத்தார்கள். அந்த அசைப்பு நியாயமானது. ஆர்மீனியாவின் நோர் கெகியிலும் 3,25,000 ஆண்டுக்கு முன்பே இதே மாற்றம் உள்ளூரிலேயே நடந்ததாகத் தெரிகிறது. அத்திரம்பாக்கத்துக் கைகள் நம் இனத்துக் கைகளா? மொராக்கோவின் ஜெபல் இர்ஹூதில் கிடைத்த, நம் இனத்தின் ஆகப் பழைய எலும்புகளுக்கே வயது சுமார் 3,15,000. ஜீனோமோ, நம் கிளையும் நியாண்டர்தால் கிளையும் ஐந்து லட்சம் ஆண்டுக்கு முன்பே பிரிந்துவிட்டன என்கிறது. 3,85,000-ல் ஆசியாவில் வேறு கிளைகள் வாழ்ந்திருக்க எல்லா இடமும் உண்டு. ‘ஆதித் தமிழன்’ என்பவர்கள் மண்ணின் தேதியை எடுத்துக்கொண்டு, ஜீனோம் மட்டுமே தரக்கூடிய உறவை அதில் ஒட்டுகிறார்கள்.

என் தீர்ப்பு இது. அத்திரம்பாக்கத்துத் தேதிகள் நிற்கின்றன. ஜீனோமின் 50,000-மும் நிற்கிறது. முன்னதைச் செய்தவர்கள் நம் முன்னோர் என்பதற்கு இன்று ஆதாரம் இல்லை; இருக்க வாய்ப்பும் குறைவு. காலத்தைப் பற்றி இருவரும் முரண்படும்போது நான் மண்ணை மூத்த சாட்சியாக எடுப்பேன்; உறவைப் பற்றி என்றால் மண்ணை உட்காரச் சொல்லிவிடுவேன்.

மூன்றாவது ஒரு வழி இருக்கிறதே, பழைய எலும்பிலிருந்தே ஜீனோமை எடுத்துவிட்டால்? அங்கே மண் சாட்சி மட்டுமில்லை, வாயிற்காவலனும்கூட. டி.என்.ஏ. நீராலும் வெப்பத்தாலும் உடைகிறது. சைபீரியக் குளிரில் பல பத்தாயிரம் ஆண்டு தாங்குவது இங்கே சில ஆயிரத்தில் பொடியாகிறது. ஹரியானாவின் சிந்துவெளி ஊரான ராகிகடியில் அறுபதுக்கு மேற்பட்ட எலும்பு மாதிரிகளை முயன்றார்கள். 2019-ல் வெளியான கட்டுரையில் தேறியது ஒரே ஒரு பெண்ணின் ஜீனோம். அதற்கு வயது வெறும் நாலாயிரத்துச் சொச்சம். கீழடிக்குப் பக்கத்துக் கொந்தகைத் தாழி எலும்புகளில் எவ்வளவு பாடுபடுகிறார்கள் என்பது தெரிந்ததே. இந்தியாவில் ஆதிமனித எலும்பு என்றால் 1982-ல் நர்மதைக் கரை ஹத்னோராவில் அருண் சோனகியா எடுத்த மண்டையோட்டு மேற்பகுதிதான் பெரிதாகப் பேசப்படுகிறது. அவரும் புவியியல் ஆய்வுத்துறைக்காரர்தான்.

களியை வெறுங்களி என்று விட முடியாதபடி இன்னொன்றும் நடந்திருக்கிறது. சைபீரியாவின் டெனிசோவா குகையில் எலும்பே இல்லாத மண்ணிலிருந்து 2017-ல் ஆதிமனித டி.என்.ஏ. எடுத்தார்கள். 2022-ல் கிரீன்லாந்தின் 20 லட்சம் ஆண்டுப் படிவத்தில், களிமண் கனிமங்களோடு ஒட்டிக்கொண்டு பிழைத்த டி.என்.ஏ. துணுக்குகள் கிடைத்தன. உறைபனி தேசத்துக் களி அது. நம் வெயிலில் அந்த ஆசையை வளர்க்க மாட்டேன். புரதம் டி.என்.ஏ.-வைவிட நெடுநாள் தாங்கும். ஜார்ஜியாவின் திமானிசியில் 17.7 லட்சம் ஆண்டுக் காண்டாமிருகப் பல் எனாமலிலிருந்து புரதத்தை வாசித்து உறவுமுறை சொன்னார்கள். அத்திரம்பாக்கத்தில் மனிதப் பல் இல்லை. விலங்குப் பற்கள் சில கிடைத்திருக்கின்றன, குளம்புத் தடங்களும். விலங்கின் பல் மனிதனைப் பற்றி ஒன்றும் சொல்லாது. ஆனால் இந்தக் களியில், இந்த வெயிலில், எனாமலுக்குள் புரதம் மிஞ்சுமா என்ற ஒரு கேள்விக்கு ஒரு மாட்டுப் பல் போதும்.